கட்டானா வாளைத் துடைத்து எண்ணெய் பூசும் முறை

1638-இல் ஷிமபாரா பகுதி விவசாயிகளின் கிளர்ச்சி அடங்கியபின் இருநூறு ஆண்டுகளுக்கும் மேலாக ஜப்பானில் பெரிய போர் இல்லை. சாமுராய் வீரர் இடுப்பில் கட்டானா எனும் நீள வாளும் ஒரு குட்டை வாளுமாக இரண்டு வாள்கள் இருந்தன. அவற்றுக்கு எதிரி துருதான். 1876-இல் மெய்ஜி பேரரசரின் அரசு வாளைத் தரித்து நடமாடத் தடை போட்டதும் அவை வீட்டுக்குள் போயின. வைத்திருக்கத் தடையில்லை என்பதால் பராமரிப்பு நிற்கவில்லை.

வாளின் வெட்டும் கூர்ப்பக்கம் மேலே பார்க்க, இடக்கையால் உறையைக் கீழிருந்து பிடியுங்கள். வலக்கையால் பிடியை மெல்ல நெம்பி இறுக்கம் தளர்ந்ததும், அலகின் முதுகு மட்டும் மரத்தில் உரச, ஒரே இழுப்பில் உருவுங்கள். கூர் உரசினால் உறை உள்ளே செதுக்கப்படும்; அந்தத் தூள் அலகைக் கீறும்.

பிடியிலுள்ள மூங்கில் ஆணியை (மெகுகி) சிறு பித்தளைச் சுத்தியால் தள்ளி எடுங்கள். இடக்கையில் பிடியின் அடியைப் பற்றி, அலகைச் சற்றுச் சாய்வாக நிமிர்த்தி, அந்த மணிக்கட்டில் வலது முஷ்டியால் தட்டினால் அலகு தளரும். முதல் தட்டு மெதுவாக இருக்கட்டும். குட்டை வாளானால் துள்ளி வெளியே விழுந்துவிடும்.

கசக்கி மென்மையாக்கிய ஜப்பானியக் காகிதத்தை முதுகுப் பக்கத்திலிருந்து மடித்துப் பிடித்து, அடியிலிருந்து நுனிக்குத் துடையுங்கள். பிறகு உச்சிகோ பொட்டலத்தால் லேசாகத் தட்டி, வேறு காகிதத்தால் துடையுங்கள். உச்சிகோ என்பது சாணைக்கல் தூள். அடிக்கடி போட்டால் மெருகு மங்கும். பழைய எண்ணெய் போகாத இடத்துக்கு மட்டும் போதும்.

பிறகு சோஜி எண்ணெய் (கிராம்பு மணமுள்ள வாள் எண்ணெய்), கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாத படலமாக. அதிகமானால் உறை மரம் குடித்து, தூசியைப் பிடித்து வைக்கும். வேலை முடியும்வரை அலகுக்கு நேரே பேசாதீர்கள், விரலாலும் தொடாதீர்கள்: எச்சில் துளியும் வியர்வையும் துருவாகும்.

பிடிக்குள் மறையும் அடிப்பாகத்தின் கருந்துருவை மட்டும் சுரண்டவே கூடாது. வாளின் வயதைச் சொல்வதே அதுதான். கொல்லரின் கையெழுத்தும் அங்கேதான் இருக்கும்.

சாணை பிடித்துவந்த புது மெருகானால் சில மாதங்களுக்கு வாரம் ஒருமுறை, பிறகு ஆறு மாதத்துக்கு ஒருமுறை. திரும்பக் கோக்கும்போது ஆணியில் விரிசல் இருக்கிறதா பாருங்கள். இருந்தால் மாற்றிய பிறகே வாளைக் கையில் எடுக்க வேண்டும். வீசும்போது ஆணி முறிந்தால் பிடி கையில் நிற்கும், அலகு பறந்துவிடும்.