ஆல்ப்ஸ் மலை மௌனப் படத்தைத் திரையிட முதலில் வேகத்தைச் சரிசெய்யுங்கள்

டூரின் நகரின் ஈத்தாலா ஃபிலிம் 1916இல் வெளியிட்ட 'மச்சிஸ்தே அல்பீனோ' போன்ற பழைய இத்தாலிய மலைப் படங்களைத் திரையிடுவோர் பலர் வேகத்தில்தான் சறுக்குகிறார்கள். நொடிக்கு 24 பிரேமில் (ஃபிலிமிலுள்ள தனித்தனிப் படங்கள்) ஓட்டினால், பனிச்சரிவில் ஏறும் நாயக நடிகர் பார்த்தொலோமேயோ பகானோ துள்ளிக் குதிப்பார். அந்த உடலின் கனமே படத்தின் உயிர், அது போய்விடும்.

அக்காலக் கேமராவைக் கையால் சுழற்றினார்கள். பெரும்பாலும் நொடிக்கு 16 முதல் 20 பிரேம். 35 மி.மீ. சுருளில் ஒரு மீட்டருக்குச் சுமார் 52.5 பிரேம் இருக்கும். ஆயிரம் மீட்டர், 16 பிரேமில் 55 நிமிடம் ஓடும், 18இல் 48½, 24இல் 36½. உங்கள் டிஜிட்டல் கோப்பின் நேரத்தை இதோடு ஒப்பிட்டால் எந்த வேகத்தில் அதைக் கோப்பாக்கினார்கள் என்பது தெரிந்துவிடும். இன்று எஞ்சியிருக்கும் பிரதியின் நீளத்தையே எடுங்கள். வெளியீட்டு நீளத்தை எடுத்தால் கணக்கு பிசகும்.

பிறகு கண்ணால் சோதியுங்கள். நடிகரின் நடையை நம்பாதீர்கள். உருளும் கல், விழும் பனி, எழும் புகை ஆகியவற்றைப் பாருங்கள். துரத்தல் காட்சிகளை வேண்டுமென்றே மெதுவாகச் சுழற்றி எடுப்பதும் உண்டு, அவற்றை வைத்து முடிவுசெய்ய வேண்டாம்.

18 பிரேம் படத்தை 24 பிரேம் கோப்பாக்க, ஒவ்வொரு மூன்றாவது பிரேமையும் இருமுறை வையுங்கள். 16 என்றால் ஒவ்வொரு இரண்டாவதையும். அடுத்தடுத்த பிரேம்களை ஒன்றாகக் குழைக்கும் மென்பொருளின் பிரேம் கலப்பு வசதியை அணைத்துவிடுங்கள், இல்லையேல் ஒவ்வொரு அசைவின் பின்னும் நிழல் இழுபடும். ஃபிலிமாகவே ஓட்டினால் புரொஜெக்டரில் ஒளியை இடையிடையே மறைக்கும் ஷட்டர் மூன்று இதழ் கொண்டதாக இருக்க வேண்டும்; இரண்டு இதழில் திரை துடிக்கும்.

திரை விகிதம் 1.33:1. அகலத் திரையை நிரப்ப வெட்டினால் சிகரம் போகும் அல்லது காலடி போகும். புரொஜெக்டரில் ஒலிப்படத்துக்கான 'கேட்' எனும் படச்சட்டத்தைப் பொருத்தினால் ஒரு பக்க ஓரம் மறையும்.

அன்றைய ஃபிலிம் நீலத்தை மிகையாகவும் சிவப்பை ஏறத்தாழ இல்லாமலும் பதிந்தது. அதனால் நீல வானம் வெளுத்து, பனியோடு ஒன்றாகிவிடும். இதைக் குறையென்று நினைத்து கான்ட்ராஸ்ட்டை ஏற்றாதீர்கள். பனியிலுள்ள காலடித் தடங்கள் அழிந்துவிடும். அரங்கை நன்றாக இருட்டாக்கினாலே போதும். ஃபிலிமில் ஏற்றியிருக்கும் நிறச்சாயத்தையும் நீக்காதீர்கள்: பகலில் எடுத்த காட்சியை இரவாக்குவது அந்த நீலச் சாயம்தான்.

மௌனப் படத்துக்கு நேரில் பியானோ வாசிப்பவருக்கு, இறுதியாக முடிவுசெய்த வேகத்திலுள்ள கோப்பையே முன்கூட்டிக் கொடுங்கள்.