கண்மாய் மேட்டுல கிடக்குற பானை ஓட்ட கம்ப்யூட்டர் மேப்ல ஏத்துறது எப்படி? (முதல் தடவ செய்றவங்களுக்கு)

காரைக்குடி சுத்துவட்டாரத்துல செம்மண் பொட்டல்ல கொஞ்ச தூரம் நடந்தா போதும், எங்கயாச்சும் ஒரு பானை ஓடு கால்ல இடறும். கீழடி பேரு பேப்பர்ல அடிபட ஆரம்பிச்சதுக்கு அப்புறம் நம்ம பசங்க அத போட்டோ எடுத்து "எங்க ஊருக்கும் 2600 வயசு"ன்னு வாட்ஸ்அப்ல போட்டுடுறாங்க. சரி தம்பி, எந்த இடத்துல கிடந்துச்சு, சுத்தி எத்தன கிடந்துச்சு, எந்தப் பக்கம் ஒண்ணுமே இல்லன்னு கேட்டா முழிக்கிறாங்க. நானும் அப்படி முழிச்சவன்தான், அதனால சொல்றேன்.

இது தோண்டுற வேலை இல்ல, அத முதல்லயே சொல்லிடுறேன். லைசென்ஸ் இல்லாம அகழாய்வு பண்ணக் கூடாது, காசோ சிலையோ மாதிரி 100 வருஷத்துக்கு மேல பழசா எதும் கண்ணுல பட்டா அது 1972 சட்டப்படி தொல்பொருள் கணக்குல வந்துடும். புதையல்னு எதும் கிடைச்சா 1878லயே வெள்ளைக்காரன் போட்ட சட்டம் இன்னும் இருக்கு, கலெக்டர்ட்ட சொல்லியாகணும். நம்ம வேலை நடக்குறது, எண்ணுறது, எழுதுறது, மேப்ல ஏத்துறது, அவ்வளவுதான். ஓட்ட பையில போட்டு வீட்டுக்குக் கொண்டு வராதீங்க. இடத்த விட்டு எடுத்துட்டா அது வெறும் ஓடு.

இப்படி நடக்குறது என்ன பெருசான்னு நினைக்காதீங்க. கீழடில குழி போடுறதுக்கு முன்னாடி மத்திய தொல்லியல் துறை 2013-14ல வைகை ஓரமாவே தேடிப் போயி 293 இடத்த குறிச்சு வச்சாங்க. அதுல ஒண்ணுதான் பள்ளிச்சந்தைத் திடல்ங்கிற தென்னந்தோப்பு. மத்ததெல்லாம் அதுக்கப்புறம் நடந்தது.

ஸ்டெப் 1: வீட்ல உக்காந்து செய்ற வேலை

கூகுள் எர்த் ப்ரோ கம்ப்யூட்டர்ல இலவசமா கிடைக்குது, இறக்கிக்கங்க. அதுல பழைய வருஷத்துப் படத்தையும் பாக்குற வசதி இருக்கு. சீமைக்கருவேலம் மண்டிக் கிடக்குற இடம் பத்து வருஷம் முன்னாடி வெறும் தரையா இருந்திருக்கும், மேடு பள்ளம் எல்லாம் அதுல தெளிவா தெரியும். இன்னும் பழசு வேணும்னா அமெரிக்காக்காரன் 1960ல இருந்து 1972 வரைக்கும் வேவு பாக்க எடுத்த கொரோனா சேட்டிலைட் படங்க இருக்கு (இந்த வியாதிக்கும் அதுக்கும் சம்பந்தம் இல்ல), 1995ல வெளிய விட்டாங்க. போர்வெல்லும் பிளாட்டும் வர்றதுக்கு முந்தின ஊர அதுல பாக்கலாம்.

சர்வே ஆஃப் இந்தியா மேப் பழைய நம்பர்ல தேடுறவங்களுக்கு, காரைக்குடி வர்ற ஷீட் 58 ஜே/16. அதுல 1 செ.மீ.ன்னா தரையில 500 மீட்டர்.

ஆனா இது எல்லாத்தையும் விட உருப்படியான மேப் ஊர்ப் பெருசுங்க வாயில இருக்கு. எந்த மேட்டுக்கு என்ன பேருன்னு கேளுங்க. திடல், மேடுன்னு முடியுற பேரு, தாழிக்காடு, குரங்குப்பட்டடை, பாண்டியன் குழி, இந்த மாதிரி எதாவது காதுல விழுந்தா உடனே நோட்ல எழுதுங்க. மதமதக்கத் தாழின்னு (செத்தவங்கள வச்சுப் புதைச்ச பெரிய பானை) யாராச்சும் சொன்னா அன்னைக்கு சாப்பாடு லேட் ஆனாலும் பரவால்ல, உக்காந்து முழுசா கேட்டுட்டு வாங்க.

ஸ்டெப் 2: நடக்குறது

மாசி பங்குனில அறுப்பு முடிஞ்சு, கோடை மழை ஒண்ணு பேஞ்சு, ஒரு உழவு ஓட்டி விட்ட புஞ்சைதான் இதுக்கு தங்கமான இடம், மண்ணு புரண்டிருக்கும், மழை ஓட்ட கழுவி விட்டிருக்கும். வெயில் ஏறுறதுக்குள்ள, காலைல ஆறு மணிக்கே இறங்கிடுங்க, காட்டுக்காரர்ட்ட முன்னாடியே ஒரு வார்த்த கேட்டுக்கங்க.

நாலு பேரு 10 மீட்டர் இடைவெளி விட்டு வரிசையா நிக்கணும், நேரா நடக்கணும். ஒருத்தர் கண்ணுக்கு ரெண்டு பக்கமும் ஒரு ஒரு மீட்டர், ஆக 2 மீட்டர் தரை தெரியும்னு வச்சுக்கங்க. அப்ப நீங்க பாக்குறது நிலத்துல அஞ்சுல ஒரு பங்குதான், மீதி நாலு பங்க பாக்கல. இத ஞாபகம் வச்சுக்கங்க, கடைசில தேவைப்படும்.

50 மீட்டருக்கு ஒரு தடவ நின்னு போன்ல லொகேஷன் எடுத்து எத்தன ஓடுன்னு எழுதுங்க. ஒண்ணுமே இல்லையா? பூஜ்யம்னு எழுதுங்க. இத நான் ரெண்டு மாசம் எழுதாம விட்டேன். அப்புறம் மேப்ப பாத்தா வெத்தா இருக்குற இடம் ஓடு இல்லாத இடமா, இல்ல நான் போகாத இடமான்னு எனக்கே தெரியல, மறுபடியும் முதல்ல இருந்து நடந்தேன். கூடவே தரை எவ்வளவு தெரியுதுன்னு 1ல இருந்து 5 வரைக்கும் ஒரு மார்க் போடுங்க, உழுத புஞ்சைக்கு 5, கருவேலங்காட்டுக்கு 1.

பழைய இடங்கள்ல அடிக்கடி கிடைக்குற கருப்பு சிவப்பு ஓட்ட எப்படி கண்டுபிடிக்கிறது? உடைஞ்ச துண்ட அப்படியே தரையில வச்சு ரெண்டு பக்கமும் பாருங்க. உள்பக்கமும் வாய் விளிம்பும் கருப்பா இருக்கும், வெளிய விளிம்புக்குக் கீழ சிவப்பா இருக்கும். பானைய கவுத்து வச்சு சுட்டிருக்காங்க, வாய்ப்பக்கம் காத்து போகல, அதனால கருத்துப் போச்சு, வெளிய காத்து பட்ட இடம் சிவந்துடுச்சு. ஆனா இந்த வகை பானைய பல நூறு வருஷம் செஞ்சிருக்காங்க, ஒத்த ஓட்ட வச்சு வருஷம் சொல்றவன நம்பாதீங்க.

ஸ்டெப் 3: ஓடு எப்படி அங்க வந்துச்சு?

இந்த ஸ்டெப் எந்த சாஃப்ட்வேர்லயும் கிடையாது, எல்லாரும் தாவிட்டுப் போறது இததான்.

ஒரு புஞ்சைல ஒரே இடத்துல அறுபதுக்கு மேல ஓடு எண்ணினேன். சுத்தி எங்கயும் அவ்வளவு இல்ல. பெருசா ஒரு சிவப்புப் புள்ளி வச்சு, இங்கதான் ஊரு இருந்திருக்குன்னு முடிவே கட்டிட்டேன். அடுத்த வாரம் காட்டுக்கார அண்ணன் வரப்புல உக்காந்திருந்தாரு, பெருமையா போன்ல காட்டுனேன். அவரு பாத்துட்டு சொன்னாரு: "அது இங்கத்து மண்ணு இல்லப்பா தம்பி. போன கோடைல கண்மாயில வண்டல் அள்ள விட்டாக, பன்னெண்டு நடை டிராக்டர்ல கொண்டாந்து கொட்டுனேன். ஒனக்கு ஓடு வேணும்னா கண்மாய்க்குள்ள போயி தேடு."

மைக்கேல் ஷிஃபர்னு ஒரு அமெரிக்க ஆய்வாளர் 1970கள்ல இததான் தியரியா எழுதினாரு. மண்ணுல இப்ப கிடக்குறது அன்னைக்கு வாழ்ந்தவங்க போட்டது போட்டபடி இல்ல, நடுவுல இயற்கையும் மனுஷனும் அத மாத்திக்கிட்டே இருக்காங்கன்னு. மழை உருட்டும், எலி வளை தோண்டும், ஏரு இழுக்கும், டிராக்டர் அள்ளும். நம்ம பக்கம் இன்னொண்ணும் உண்டு, பழைய வளவு வீட்ட இடிச்சா கதவும் தூணும் பழைய சாமான் கடைக்குப் போயிடும், உடைஞ்ச நாட்டு ஓடு பள்ளம் ரொப்பப் போயிடும். அது மேல நாலு மழை பேஞ்சா நம்ம கண்ணுக்கு அதுவும் பழசாத்தான் தெரியும்.

அதனால நோட்ல "இந்த மண்ணு எங்குட்டு இருந்து வந்துச்சு"ன்னு ஒரு தனிக் கட்டம் சேருங்க. வண்டல் அடிச்சதா, இடிபாடு கொட்டுனதா, யாரு சொன்னாங்க, எந்த வருஷம். கேக்காம விட்டா "கேக்கல"ன்னு எழுதுங்க.

ஸ்டெப் 4: எக்செல்ல அடிக்கிறது

ஒரு இடத்துக்கு ஒரு வரி. சும்மா ஒரு உதாரணம்: 7, 78.78412, 10.07133, 3, 5, உழுத புஞ்சை, வண்டல் அடிக்கல. அதாவது வரிசை நம்பர், லாங்கிட்யூட் (தீர்க்கரேகை), லாட்டிட்யூட் (அட்சரேகை), ஓடு எத்தன, தரை மார்க், என்ன நிலம், மண்ணு எங்க இருந்து. போன்ல டிகிரி, நிமிஷம், செகண்ட்னு வந்தா செட்டிங்ஸ்ல டெசிமலுக்கு மாத்துங்க. அஞ்சு டெசிமல் போதும், அதுவே ஏறக்குறைய ஒரு மீட்டர். போன் ஜிபிஎஸ் திறந்தவெளியிலயே சில மீட்டர் தள்ளிக் காட்டும், அதுக்கு மேல நம்பர் எழுதி பிரயோஜனம் இல்ல.

சேவ் பண்ணும்போது சிஎஸ்வி யுடிஎஃப்-8ன்னு இருக்குறத எடுங்க, இல்லன்னா தமிழ் எல்லாம் கேள்விக்குறியா மாறிடும்.

ஸ்டெப் 5: க்யூஜிஐஎஸ்

மேப் போடுறதுக்குன்னே இருக்குற காசு இல்லாத சாஃப்ட்வேர், கேரி ஷெர்மன்னு ஒருத்தர் 2002ல ஆரம்பிச்சது. சைட்ல லாங் டெர்ம் வெர்ஷன் எடுங்க, புதுசு எடுத்தா அப்பப்ப மக்கர் பண்ணும். திறந்ததும் இடது பக்கம் பிரௌசர்ல எக்ஸ்ஒய்இசட் டைல்ஸ்னு இருக்கும், அதுக்குள்ள ஓப்பன்ஸ்ட்ரீட்மேப், டபுள் கிளிக் பண்ணா உலக மேப் வந்துடும்.

அப்புறம் லேயர், ஆட் லேயர், ஆட் டெலிமிட்டட் டெக்ஸ்ட் லேயர். ஃபைல காட்டுங்க. எக்ஸ்ங்கிற இடத்துல லாங்கிட்யூட், ஒய்ங்கிற இடத்துல லாட்டிட்யூட். நம்ம வாயில லாட்டிட்யூட் முதல்ல வரும், அதனால மாத்திப் போட்டுடுவோம். நான் போட்டேன். காரைக்குடிப் புள்ளி எல்லாம் நார்வேக்கு வடக்க ஸ்வால்பார்ட் தீவுக்கிட்ட ஐஸ் கடல்ல போயி நின்னுச்சு. உங்க புள்ளியும் அங்குட்டு போனா பயப்படாதீங்க, ரெண்டையும் மாத்துங்க. சிஆர்எஸ்ங்கிற இடத்துல (எந்த அளவு முறைன்னு சொல்ற இடம்) ஈபிஎஸ்ஜி 4326, போன் குடுக்குற டிகிரி முறைக்கு அதுதான் நம்பர்.

இப்ப அந்த லேயர்ல ரைட் கிளிக், எக்ஸ்போர்ட், சேவ் ஃபீச்சர்ஸ் ஆஸ். ஜியோபேக்கேஜ்னு எடுங்க (ஷேப்ஃபைல்ங்கிற பழைய வகைல கட்டத்துத் தலைப்பு பத்து எழுத்துக்கு மேல நிக்காது, வெட்டிடும்), சிஆர்எஸ்ஸ ஈபிஎஸ்ஜி 32644ன்னு மாத்துங்க. உலகத்த நெடுக்கா மண்டலம் மண்டலமா பிரிச்சு வச்சிருக்காங்க, இது லாங்கிட்யூட் 78 டிகிரில இருந்து 84 வரைக்கும் இருக்குற 44ஆம் மண்டலம், அளவு மீட்டர்ல வரும். கோயமுத்தூர்க்காரங்க படிச்சா உங்களுக்கு 32643. இத செய்யாம அப்புறம் 500 மீட்டர் வட்டம் போடுன்னு சொன்னா அது 500 டிகிரின்னு எடுத்துக்கும், அவ்ளோ பெருசு பூமிக்கே கிடையாது.

புள்ளியோட சைஸ ஓட்டு எண்ணிக்கைக்கு ஏத்த மாதிரி வைங்க, கலர தரை மார்க்குக்கு ஏத்த மாதிரி வைங்க. பூஜ்யம் வந்த இடத்துக்கு சின்னதா ஒரு பெருக்கல் குறி. நீங்க நடந்த கோட்டையும் தனி லேயரா வரைஞ்சு போட்டுடுங்க, அஞ்சுல ஒரு பங்குதான் பாத்தோம்ங்கிறது அப்பதான் மேப்ப பாக்குறவனுக்கும் தெரியும்.

மேடு பள்ளம் காட்ட எஸ்ஆர்டிஎம்னு 2000 பிப்ரவரில எண்டெவர் விண்கலத்துல போயி 11 நாள்ல எடுத்த டேட்டா இருக்கு, யூடியூப்ல எல்லாரும் அதத்தான் போடச் சொல்வாங்க. 30 மீட்டருக்கு ஒரு உயரம்தான் அதுல இருக்கு, மரம் இருந்தா மரத்து உச்சிய தரைன்னு காட்டிடும். மலை மாதிரி பெரிய ஏத்த இறக்கத்துக்கு சரி. செட்டிநாட்டுப் பொட்டல்ல ஒரு ஆள் உயரத் திடல் அதுல தெரியவே தெரியாது, வீணா மண்டைய உடைக்காதீங்க.

ஸ்டெப் 6: மேப்ப படிக்கிறது

வெக்டர், ஜியோபுராசசிங் டூல்ஸ், பஃபர். பஃபர்னா ஒண்ண சுத்தி நாம சொல்ற தூரத்துக்கு எல்லை போடுறது. கண்மாய்கள வரைஞ்சு 500 மீட்டர் பஃபர் போட்டா பாதிக்கு மேல புள்ளி உள்ள விழும், உடனே "ஆதி மக்கள் கண்மாய் ஓரம் வாழ்ந்தாங்க"ன்னு எழுதக் கை துறுதுறுங்கும். நில்லுங்க. கண்மாய்க்கரை நடக்க வசதியா இருந்ததால நீங்க அங்குட்டுதான் அதிகமா நடந்தீங்க. வண்டலும் பக்கத்துப் புஞ்சைக்குத்தான் போகும். அந்தக் கண்மாய் வெட்டுன காலமும் ஓட்டோட காலமும் ஒண்ணுன்னு யாரு சொன்னா? பழைய ஊரு மேலயே பின்னாடி வந்தவங்க கண்மாய் வெட்டியிருக்கலாம், அண்ணன் சொன்ன வண்டல்ல ஓடு வந்தது அப்படித்தானோ என்னவோ. ஹீட்மேப் (புள்ளி நெருக்கமா இருக்குற இடத்த கலர்ல காட்டுற மேப்) போடுறவங்களுக்கும் இதே எச்சரிக்கை, பாக்க தீபாவளி மாதிரி இருக்கும், உண்மைல காட்டுறது நீங்க நடந்த பாதைய.

பழைய ஊரு இருந்த இடத்த சுத்தி 5 கிலோமீட்டர் வட்டம் போடுற பழக்கமும் ஒண்ணு உண்டு. விட்டா-ஃபின்சி, ஹிக்ஸ்னு ரெண்டு பேரு 1970ல இஸ்ரேல்ல இருக்குற கார்மல் மலைப் பக்கத்த வச்சு எழுதுனது. வெள்ளாமை செய்றவன் ஒரு மணி நேரத்துக்கு மேல காட்டுக்கு நடக்க மாட்டான், அது சுமார் 5 கிலோமீட்டர், வேட்டைக்காரனுக்கு 10. நம்ம ஊரு சமதரைங்கிறதால வட்டம் ஓரளவு பொருந்தும். அந்த வட்டத்துக்குள்ள எது மானாவாரி, எது செம்புறாங்கல், தண்ணி எங்குட்டு ஓடுதுன்னு பாருங்க, ஆரம்பத்துக்கு அது போதும்.

ஸ்டெப் 7: யாருக்குக் காட்டுறது

மேப்ப ஒரு பிரிண்ட் எடுத்து, போட்டோவோட மாவட்டத் தொல்லியல் அலுவலர்ட்டயோ பக்கத்து அரசு மியூசியத்துலயோ குடுங்க. அவங்களுக்கு அஞ்சு டெசிமலும் குடுக்கலாம். ஃபேஸ்புக்ல போடுறதா இருந்தா ரெண்டு டெசிமலோட வெட்டிடுங்க, ஒரு கிலோமீட்டர் முன்னப் பின்ன காட்டும், புதையல் தேடி கடப்பாரையோட வர்றவனுக்கு அது உதவாது. போட்டோவுக்குள்ளயும் லொகேஷன் ஒளிஞ்சிருக்கும், போடுறதுக்கு முன்னாடி அதையும் அழிச்சுடுங்க.

நான் அந்த அறுபது ஓட்டுப் புள்ளிய அழிக்கல. கலர சாம்பலா மாத்தி, பக்கத்துல "வண்டல், பன்னெண்டு நடை"ன்னு எழுதி வச்சிருக்கேன். தண்ணி வத்துனதும் கண்மாய்க்குள்ள நடக்கணும், வைகாசில வர்றவங்க சொல்லுங்க, நாலாவது ஆளு இன்னும் கிடைக்கல.