வாக்கியக் கணக்கிலிருந்து ஒருங்கமை சமன்பாடுகளுக்கு

ஒருங்கமை சமன்பாடுகளை, அதாவது ஒரே இரண்டு மாறிகள் சேர்ந்தே நிறைவு செய்ய வேண்டிய இரண்டு சமன்பாடுகளை, எழுதிக் கொடுத்துத் தீர்க்கச் சொன்னால் பிழையின்றித் தீர்த்துவிடும் மாணவர்களில் பலர், அதே சமன்பாடுகள் நான்கு வரி உரைநடைக்குள் மறைந்திருக்கும்போது திகைத்து நின்றுவிடுகிறார்கள். சமன்பாடுகளைக் கூட்டியோ கழித்தோ ஒரு மாறியை அகற்றும் நீக்கல் முறையோ, ஒரு மாறியின் கோவையை மற்றச் சமன்பாட்டில் இடும் பிரதியிடல் முறையோ அவர்களுக்குத் தெரியாமல் இல்லை. வாக்கியத்திலிருந்து சமன்பாட்டுக்கு வந்து சேரும் வழிதான் பிடிபடவில்லை.

முதலில் கடைசி வாக்கியத்தைப் படியுங்கள். என்ன கேட்கப்படுகிறது என்பது பெரும்பாலும் அங்கேதான் இருக்கும். அதன் பிறகு, தெரியாத இரண்டு அளவுகளுக்கும் மாறிகளைக் கொடுத்து, ஒவ்வொரு மாறியும் எதைக் குறிக்கிறது என்பதை அலகுடன் முழு வாக்கியமாக எழுதிக்கொள்ளுங்கள். 'க = சிறுவர்கள்' என்று எழுதுவது போதாது; 'சிறுவர்களின் எண்ணிக்கை க' என்று எழுத வேண்டும். இதை வெறும் சம்பிரதாயம் என்று ஒதுக்குபவர்கள் எங்கே தடுக்கி விழுகிறார்கள் என்று பாருங்கள்.

'ஓர் அரங்கில் பெரியவர்களைப் போல் மூன்று மடங்கு சிறுவர்கள் இருக்கிறார்கள்.' சிறுவர்களின் எண்ணிக்கை க, பெரியவர்களின் எண்ணிக்கை ச எனில், பலருடைய கை தானாக 3க = ச என்றே எழுதும். மூன்று என்ற சொல்லும் சிறுவர் என்ற சொல்லும் வாக்கியத்தில் அருகருகே நிற்பதால் வரும் மயக்கம் இது. பெரியவர்கள் 10 பேர் என்று வைத்துப் பார்த்தால் சிறுவர்கள் 30 பேர். 3 × 30 என்பது 10 ஆகாது. குறைவாக உள்ளதைத்தான் மூன்றால் பெருக்கிச் சமமாக்க வேண்டும் என்பதால், சரியான வடிவம் க = 3ச. மடங்கு என்ற சொல் வரும் இடங்களில் எல்லாம் இப்படி ஓர் எளிய எண்ணை இட்டுப் பார்ப்பது, எத்தனை விதிகளை மனப்பாடம் செய்வதையும்விட நம்பகமானது.

வயதுக் கணக்குகளில் வேறொரு பிழை காத்திருக்கிறது. ஐந்து ஆண்டுகளுக்கு முன் தாயின் வயது மகளின் வயதைப் போல் 7 மடங்கு. ஐந்து ஆண்டுகளுக்குப் பின் அது 3 மடங்காக இருக்கும். இப்போதைய வயதுகள் என்ன? தாயின் இப்போதைய வயது க, மகளின் இப்போதைய வயது ச என்க. 'இப்போதைய' என்ற சொல்லை விட்டுவிடாதீர்கள். காலம் இருவருக்கும் சேர்ந்தே நகர்வதால், முதல் கூற்று க − 5 = 7(ச − 5) என்றாகிறது; க − 5 = 7ச என்று எழுதுபவர், தாயை மட்டும் பின்னோக்கி அனுப்பிவிட்டு மகளை இங்கேயே நிறுத்திவிடுகிறார். இரண்டாவது கூற்று க + 5 = 3(ச + 5). சுருக்கினால் க = 7ச − 30, க = 3ச + 10 என்று கிடைக்கும். இரண்டிலும் க தனித்தே நிற்பதால், பிரதியிட 7ச − 30 = 3ச + 10, அதாவது ச = 10, க = 40. ஐந்து ஆண்டுகளுக்கு முன் 35, 5. பின்னர் 45, 15.

எந்த முறையைத் தேர்ந்தெடுப்பது என்பதில் அதிகம் யோசிக்கத் தேவையில்லை: ஒரு மாறி தனியாக நின்றால் பிரதியிடுங்கள், ஒரு மாறியின் கெழுக்கள் (அதைப் பெருக்கும் எண்கள்) ஒத்திருந்தால் கூட்டியோ கழித்தோ நீக்குங்கள்.

படகுக் கணக்கில் நீக்கல் முறை இயல்பாக அமையும். ஒரு படகு நீரோட்டத்தின் திசையில் 30 கி.மீ. தொலைவை 2 மணி நேரத்திலும், அதே தொலைவை எதிர்த்திசையில் 2 மணி 30 நிமிடத்திலும் கடக்கிறது. நிலையான நீரில் படகின் வேகம் மணிக்கு க கி.மீ., நீரோட்டத்தின் வேகம் மணிக்கு ச கி.மீ. எனில், க + ச = 15. எதிர்த்திசைக்கு வரும்போது நேரத்தை 2.30 என்று எழுதிவிட்டால் கணக்கு கெட்டது. 30 நிமிடம் அரை மணி என்பதால் 2.5 ஆல் வகுக்க வேண்டும். க − ச = 12. கூட்டினால் 2க = 27; படகின் வேகம் 13.5, நீரோட்டத்தின் வேகம் 1.5.

கிடைத்த விடையைச் சமன்பாட்டில் இட்டுப் பார்த்து நிறைவடையாதீர்கள். சமன்பாடே தவறாக இருந்தால் தவறான விடையும் அதில் பொருந்தத்தான் செய்யும். கணக்கின் சொற்களுக்கே திரும்பிச் செல்லுங்கள். ஓர் ஈரிலக்க எண்ணின் இலக்கங்களின் கூடுதல் 11. இலக்கங்களை இடம் மாற்றினால் எண் 27 கூடுகிறது என்போம். பத்தாம் இடத்து இலக்கம் க, ஒன்றாம் இடத்து இலக்கம் ச எனில் எண் 10க + ச ஆகும், கச அல்ல. (10ச + க) − (10க + ச) = 27 என்பது ச − க = 3 என்று சுருங்கும்; க + ச = 11 உடன் சேர்த்தால் எண் 47. இடம் மாற்றினால் 74; வேறுபாடு 27. அதே கணக்கில் 27க்குப் பதிலாக 18 என்று இருந்திருந்தால், சமன்பாடுகள் தயங்காமல் ச = 6.5 என்று விடை தந்திருக்கும். 6.5 என்று ஓர் இலக்கம் கிடையாது என்பதால், அத்தகைய ஈரிலக்க எண்ணே இல்லை என்பதுதான் அங்கே எழுத வேண்டிய விடை.