பழைய ஃப்ளாஷ் விளையாட்டை உலாவியில் மீண்டும் ஓடவைப்பது எப்படி?

2020 டிசம்பர் 31 அன்று உலாவியில் ஃப்ளாஷ் விளையாட்டுகளை இயக்கிவந்த ஃப்ளாஷ் பிளேயர் மென்பொருளுக்கான ஆதரவை அடோபி நிறுவனம் நிறுத்தியது. 2021 ஜனவரி 12 முதல் அந்தப் பிளேயரே விளையாட்டுகளை இயக்க மறுத்துவிட்டது. ஆயினும் விளையாட்டின் கோப்பு கைவசம் இருந்தால், அதை ஓர் இணைய ஆர்கேடில் (விளையாட்டுகளைத் தொகுத்து வைக்கும் தளத்தில்) மீண்டும் வைக்கலாம்.

படி 1: படைப்பாளியிடம் அனுமதி பெறுங்கள். இலவசமாக விளையாடக் கிடைத்தது என்பதால் பதிப்புரிமை இல்லாமற்போவதில்லை.

படி 2: விளையாட்டு அடங்கிய எஸ்டபிள்யூஎஃப் (.swf) கோப்பைச் சோதியுங்கள். உரைத் தொகுப்பியில் திறந்தால் அதன் முதல் மூன்று எழுத்துகள் எஃப்டபிள்யூஎஸ், சிடபிள்யூஎஸ், இசட்டபிள்யூஎஸ் ஆகியவற்றுள் ஒன்றாக இருக்க வேண்டும். எச்டிஎம்எல் வரிகள் தென்பட்டால், நீங்கள் சேமித்தது விளையாட்டை அல்ல, ஏதோவொரு பிழைப் பக்கத்தை. மூலக் கோப்பைத் தொடாமல் தனியே வைத்து, அது மாறவில்லை என்று பின்னர் சரிபார்க்க உதவும் எஸ்எச்ஏ-256 மதிப்பைக் குறித்துக்கொண்டு, இனி எல்லா வேலையையும் நகலிலேயே செய்யுங்கள்.

படி 3: ஃப்ளாஷ் பிளேயரைப் போலச் செயல்படும் ரஃபிள் என்னும் எமுலேட்டரின் இணையதளங்களுக்கான தொகுப்பைப் பதிவிறக்கி, விளையாட்டு இருக்கும் கோப்புறையில் விரித்து, அதன் ஸ்கிரிப்டை உங்கள் பக்கத்தில் இணையுங்கள். ரஸ்ட் மொழியில் எழுதப்பட்ட இது வெப்அசெம்பிளி என்னும் உலாவித் தொழில்நுட்பம் வழியாக உலாவிக்குள்ளேயே இயங்குவதால், ஆடுபவர் எதையும் நிறுவ வேண்டியதில்லை. பக்கத்தை இருமுறை சொடுக்கித் திறந்தால் பெரும்பாலும் வேலை செய்யாது (புதியவர்கள் மனம் தளர்வது இங்கேதான்). பைத்தானுடன் வரும் எளிய சர்வரை அந்தக் கோப்புறையில் இயக்கி, உலாவியில் லோக்கல்ஹோஸ்ட்:8000 (localhost:8000) என்ற முகவரியில் திறவுங்கள்.

படி 4: திரை வெறுமையாக நின்றால், டெவலப்பர் கருவிகளின் நெட்வொர்க் பகுதியில் 404 (கோப்பு கிடைக்கவில்லை) என்று காட்டும் வரிகளைத் தேடுங்கள். பல விளையாட்டுகள் இசையையும் அடுத்த கட்டங்களையும் தனிக் கோப்புகளாகக் கேட்கும். அவற்றை அதே பெயரில், அதே கோப்புறை அமைப்பில் வைக்க வேண்டும். எந்தக் கோப்பும் விடுபடாமலேயே விளையாட்டு ஓட மறுத்தால், அது பழைய தள முகவரியை எதிர்பார்க்கும் பூட்டாக இருக்கலாம். பூட்டை நீங்களே உடைப்பதைவிடப் படைப்பாளியிடம் பூட்டில்லாத பதிப்பைக் கேட்பதே மேல் என்பேன். பழைய முகவரியிலேயே இருப்பதாக விளையாட்டை நம்பவைக்கும் ஃப்ளாஷ்பாயிண்ட் என்னும் இணைய விளையாட்டுக் காப்பகத்தின் வழி, கணினியில் நிறுவி ஆடுவோருக்கு உதவும். ஃப்ளாஷின் நிரல்மொழியான ஆக்ஷன்ஸ்கிரிப்ட் 3-இல் எழுதப்பட்டவை ரஃபிளில் இடையில் தடுமாறக்கூடும் என்பதால், முதல் கட்டத்தோடு நிறுத்தாமல் முடிவுவரை ஆடிப் பாருங்கள்.

படி 5: பெயர், படைப்பாளி, வெளியான ஆண்டு, விசைகள் ஆகியவற்றைப் பக்கத்தில் எழுதுங்கள். ஆட்டத்தின் சேமிப்புகள் ஆடுபவரின் உலாவியிலேயே தங்குவதால், உலாவித் தரவை அழித்தால் அவையும் போய்விடும் என்பதையும் அங்கேயே குறிப்பிடுங்கள்.