அணி மாறிக்கொண்டே இருந்த பேஸ்பால் வெளிக்கள வீரரின் புள்ளிவிவரப் பதிவை வாசிப்பது எப்படி?

மொத்தக் கூட்டலை விட்டுவிட்டு, ஒவ்வோர் ஆண்டுக்கும் நேரே உள்ள அணியின் பெயரையும் அவர் மட்டை பிடித்த எண்ணிக்கையையும் சேர்த்து வாசியுங்கள். 1992 முதல் 2011 வரை மேஜர் லீக் பேஸ்பாலில் ஆடிய கனடாவின் மாட் ஸ்டெயர்ஸ், 1999-இல் ஓக்லண்டுக்காக 38 ஹோம் ரன் (பெரும்பாலும் பந்தை எல்லைக்கு வெளியே அடித்து எடுக்கும் ஓட்டம்) அடித்தார். பிற்காலத்தில் எண்ணிக்கை சுருங்குவதைக் கண்டு, சரிவு என்று முடிவுகட்டிவிடாதீர்கள். வேகம் குறைந்த வீரரை, இக்கட்டான கட்டத்தில் இன்னொருவருக்குப் பதிலாக ஒரே ஒரு முறை மட்டை பிடிக்க அனுப்புவதற்கென்றே அணிகள் வைத்துக்கொள்வதுண்டு. இப்படி மட்டை பிடித்ததைக் காட்டும் நெடுவரிசையைத் தனியே தேடினால்தான், மாற்று மட்டையாளராக ஸ்டெயர்ஸ் அடித்த 23 ஹோம் ரன் என்ற சாதனை கண்ணில் படும். 2008 தேசிய லீக் (மேஜர் லீக்கின் இரு பிரிவுகளில் ஒன்று) இறுதித் தொடரின் நான்காம் ஆட்டத்தில், எட்டாம் இன்னிங்ஸில், எதிரணியான டாட்ஜர்ஸின் ஜோனதன் பிராக்ஸ்டன் பந்தில் பிலடெல்பியாவுக்காக அவர் அடித்த புகழ்பெற்ற ஹோம் ரன் அந்த 23-இல் சேராது; அதைக் காண, வழக்கமான பருவ ஆட்டங்கள் முடிந்தபின் நடக்கும் சுற்றுகளின் பட்டியலைத்தான் புரட்ட வேண்டும்.