சர்டிபிகேட்ல தப்பு இருக்கா, கோர்ட்டுக்குப் போறதுக்கு முன்னாடி அட்மிஷன் ரிஜிஸ்டரப் பாருங்க

பத்தாவது மார்க் ஷீட்ல பேர்ல ஒரு எழுத்து தப்பு, இனிஷியல் தப்பு, பிறந்த தேதி மாறிப்போச்சுன்னா நெறைய பேர் உடனே கெஜட்ல, அதாவது அரசிதழ்ல, போடத்தான் ஓடுறாங்க. கெஜட்டுங்கறது நீங்களா விரும்பி பேரை மாத்திக்கிறதுக்கு, அடுத்தவங்க தப்பா எழுதினதை திருத்துறதுக்கு இல்ல. இந்த வித்தியாசம் புரியாம காசும் மாசக்கணக்கும் வீணாப் போறதைப் பாத்தா மனசு கஷ்டமா இருக்கு.

மொதல்ல ஸ்கூலுக்குப் போய் அட்மிஷன் ரிஜிஸ்டர்ல என்ன இருக்குன்னு பாருங்க. காட்ட மறுத்தா, அரசு ஸ்கூலோ உதவிபெறும் ஸ்கூலோ எதுவா இருந்தாலும் தகவல் உரிமைச் சட்டத்துல 10 ரூபாய் கட்டணத்தோட நகல் கேட்டு மனு போடலாம், 30 நாள்ல பதில் தரணும்.

ரிஜிஸ்டர்ல சரியா இருந்து மார்க் ஷீட்ல மட்டும் தப்புன்னா வேலை சுலபம், எச்.எம். மூலமா அரசுத் தேர்வுகள் இயக்ககத்துக்கு மனு, கூடவே ரிஜிஸ்டர் நகல், டி.சி., பிறப்புச் சான்றிதழ். சி.பி.எஸ்.இ.னா அந்த போர்டுக்கு. 2021 ஜூன்ல ஜிக்யா யாதவ் வழக்குல சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லிருச்சு, பேருங்கறது ஒருத்தரோட அடையாளம், அரசியல் சாசன உரிமையில வருது, ஸ்கூல் ரெக்கார்டோட ஒத்துப்போற மாதிரி திருத்தம் கேட்டா போர்டு மறுக்கக் கூடாதுன்னு. மனுவுல இந்தத் தீர்ப்பைக் குறிப்பிடுங்க.

மனு எதுவா இருந்தாலும் ஒரு காப்பியில சீல், கையெழுத்து வாங்கி வச்சுக்கோங்க. வாயால "முடியாது"ன்னு சொன்னா கோர்ட்ல அது எடுபடாது, எழுத்துல வாங்கணும். பதிலே வரலைன்னாலும், காரணமில்லாம தள்ளிவிட்டாலும் ஐகோர்ட்ல அரசியல் சாசனம் 226-வது பிரிவுல ரிட், அதாவது அதிகாரிக்கு உத்தரவு போடச் சொல்லிக் கேக்கற மனு, போடலாம். பெரும்பாலும் "மனுவை இத்தனை வாரத்துல பரிசீலிச்சு உத்தரவு போடு"ன்னு ஒரு ஆணை கிடைக்கும், உடனே திருத்திக் கொடுன்னு வரும்னு எதிர்பாக்காதீங்க.

ரிஜிஸ்டரே தப்புன்னாதான் சிக்கல். சேத்துவிட்டப்ப வீட்டுல இருந்தவங்க ஒரு தேதியைச் சொல்லிட்டு வந்திருப்பாங்க, பிறப்புச் சான்றிதழ்ல வேற தேதி இருக்கும். இதுல சாட்சி, ஆவணம் எல்லாம் விசாரிக்க வேண்டியிருக்கும், அதனால சிவில் கோர்ட்டுதான். குறிப்பிட்ட நிவாரணச் சட்டம் (ஸ்பெசிபிக் ரிலீஃப் ஆக்ட்) 34-ம் பிரிவுல "என் உண்மையான பிறந்த தேதி இதுதான்"னு கோர்ட் அறிவிக்கிற டிக்ளரேஷன், ரெக்கார்டைத் திருத்தியே ஆகணும்னு கட்டளையிடுற மேண்டேட்டரி இன்ஜங்ஷன், ரெண்டையும் சேத்தே கேளுங்க. அரசை எதிர்த்து போடுறதால சிவில் நடைமுறைச் சட்டம் (சி.பி.சி.) 80-வது பிரிவுல முன்கூட்டியே நோட்டீஸ் கொடுத்து 2 மாசம் காத்திருக்கணும், ரொம்ப அவசரம்னா கோர்ட் அனுமதியோட முன்னாடியே போடலாம். டிக்ளரேஷன் வழக்குக்கு காலக்கெடு 3 வருஷம், எப்ப இருந்து கணக்குங்கறதை வக்கீல்கிட்ட மொதல் நாளே கேட்டுருங்க.

அரசு வேலையில இருக்கறவங்க இன்னும் சீக்கிரம் அசையணும். தமிழ்நாட்டுல பிறந்த தேதி திருத்தத்துக்கு வேலையில சேந்து 5 வருஷத்துக்குள்ள மனு போட்டாகணும், ரிட்டயர் ஆகப்போற நேரத்துல கேட்டா கோர்ட்டும் ஒத்துக்காது.

வக்கீலுக்குக் காசில்லன்னு விட்டுராதீங்க. பெண்கள், குழந்தைகள், எஸ்.சி., எஸ்.டி.ன்னா வருமானம் எவ்வளவா இருந்தாலும் கோர்ட் வளாகத்துல இருக்கற சட்டப்பணிகள் ஆணைக்குழுல இலவசமா வக்கீல் கிடைக்கும்.

உங்க வீட்டுல இப்ப பத்தாவது படிக்கிற புள்ள இருந்தா, பரீட்சைக்கு முன்னாடி ஸ்கூல்ல நாமினல் ரோல் (பரீட்சை எழுதுறவங்க விவரப் பட்டியல்) சரிபாக்கச் சொல்லும்போது பிறப்புச் சான்றிதழைக் கையில வச்சுக்கிட்டு ஒவ்வொரு எழுத்தா பாருங்க, மார்க் ஷீட்ல அதேதான் அச்சாகும்.