சார்ஜும் வோல்ட்டேஜும் வச்சு கெப்பாசிட்டர் வேல்யூ கண்டுபிடிக்கிறது எப்படி?

கெப்பாசிட்டர்ங்கிறது சார்ஜ சேர்த்து வைக்கிற பார்ட், அதோட வேல்யூவுக்குப் பேர்தான் கெப்பாசிட்டன்ஸ். ஃபார்முலா ஒண்ணே ஒண்ணுதாங்க: கெப்பாசிட்டன்ஸ் = சார்ஜ் ÷ வோல்ட்டேஜ். சார்ஜ் கூலூம்ல, வோல்ட்டேஜ் வோல்ட்ல போட்டா விடை ஃபாரட்ல வரும். ஆனா 1 ஃபாரட்ங்கிறது ரொம்பப் பெருசு, நம்ம கைக்கு வர்றதெல்லாம் பெரும்பாலும் மைக்ரோ ஃபாரட்தான், அதாவது ஃபாரட்ல பத்து லட்சத்துல ஒரு பங்கு. அதனால சார்ஜ மைக்ரோ கூலூம்லயே வச்சு வகுத்துடுங்க, விடை நேரா மைக்ரோ ஃபாரட்ல வந்துடும். 12 வோல்ட்ல 1200 மைக்ரோ கூலூம் இருந்தா 1200 ÷ 12 = 100 மைக்ரோ ஃபாரட், அவ்ளோதான்.

சரி, வோல்ட்டேஜ் பார்க்க மல்டிமீட்டர் இருக்கு, சார்ஜ எதுல பார்க்கிறது? சாதா மீட்டர்ல அதுக்கு செட்டிங்கே கிடையாது. அதனால வேல்யூ தெரிஞ்ச ஒரு கெப்பாசிட்டர வச்சு சுத்தி வளைச்சு பிடிக்கலாம்.

வேணுங்கிறது: 1000 மைக்ரோ ஃபாரட் 25 வோல்ட் கெப்பாசிட்டர் ஒண்ணு, வேல்யூ மட்டும் அழிஞ்சு போய் வோல்ட்டும் மைனஸ் பட்டையும் தெரியுற இன்னொண்ணு (16 வோல்ட்டுக்குக் குறையக் கூடாது), 9 வோல்ட் பேட்டரி, 1கே (1000 ஓம்) ரெசிஸ்டர், மீட்டர்.

முதல்ல வேல்யூ தெரியாததோட ரெண்டு காலுக்கும் நடுவுல ரெசிஸ்டர சில செகண்ட் வச்சு காலி பண்ணுங்க, மீட்டர் 0 காட்டணும், உள்ள கொஞ்சம் மிச்சம் இருந்தாலும் மொத்தக் கணக்கும் போச்சு.

அடுத்து 1000 மைக்ரோவ பேட்டரில ப்ளஸ் மைனஸ் பார்த்து சார்ஜ் பண்ணி, பேட்டரிய கழட்டிட்டு அளங்க. கழட்டாம விட்டா பேட்டரி சார்ஜ தள்ளிக்கிட்டே இருக்கும், வோல்ட்டேஜ் இறங்கவே இறங்காது. 9 வோல்ட் காட்டுதுன்னு வச்சுக்கோங்க, அப்போ உள்ள 1000 × 9 = 9000 மைக்ரோ கூலூம்.

இப்போ ரெண்டையும் சேர்த்து வைங்க, ப்ளஸ் ப்ளஸோட, மைனஸ் மைனஸோட. தொடுற இடத்துல சின்னதா டிக்குனு ஒரு பொறி வரலாம், பயப்படாதீங்க. மீட்டர் 6.12னு காட்டுனா 1000 மைக்ரோ கெப்பாசிட்டர்ல மிச்சம் 6120 மைக்ரோ கூலூம், பாக்கி 2880 எங்க போச்சு? பக்கத்துல இருக்கிறவன்கிட்டதான், அவனும் அதே 6.12 வோல்ட்லதான் நிக்கிறான். 2880 ÷ 6.12 = 470.6. ஆக அது 470 மைக்ரோ ஃபாரட்.

நிறைய பேர் குழம்புற இடம் இது: ஃபார்முலால வோல்ட்டேஜ் கீழ இருக்கே, அப்போ வோல்ட்டேஜ ஏத்துனா கெப்பாசிட்டன்ஸ் குறையுமான்னு கேப்பாங்க. குறையாதுங்க. வோல்ட்டேஜ் டபுள் ஆனா சார்ஜும் டபுள் ஆகுது, இதே 470ல 6 வோல்ட்டுக்கு 2820, 12 வோல்ட்டுக்கு 5640, வகுத்துப் பாருங்க ரெண்டுலயும் 470தான். கெப்பாசிட்டர் உள்ள இருக்கிற ரெண்டு தகட்டோட பரப்பு, நடுவுல இருக்கிற இடைவெளி, அந்த இடைவெளில இருக்கிற பொருள், இதுங்கதான் கெப்பாசிட்டன்ஸ முடிவு பண்ணுது.

உங்களுக்கு 420, 510னு வந்தா கணக்கு தப்புன்னு நினைக்காதீங்க, ப்ளஸ் மைனஸ் பார்த்து மாட்டுற இந்த எலக்ட்ரோலிட்டிக் வகைல 20 சதவீதம் கூடக் குறைய இருக்கிறது சகஜம், நாம அளவுகோலா வச்ச 1000க்கும் அதே கதைதான். ஃபேன் கெப்பாசிட்டர மட்டும் ஓடுற ஃபேன்ல வச்சு இந்த மாதிரி பார்க்காதீங்க, 230 வோல்ட் லைன்ல உச்சம் 325 வோல்ட் வரைக்கும் போகும், ஆஃப் பண்ணி கழட்டின பிறகும் உள்ள சார்ஜ் நிக்கும்.